பாலி வேடத்தில் நடித்தவர் யார்? கரோலா நேஹரின் கதை

கேள்வி: "1931-ல் பாப்ஸ்ட் இயக்கிய 'மூன்றுகாசு ஓபரா' படத்தைப் பார்த்தேன். கதாநாயகி பாலியாக வரும் பெண் யார்? இவ்வளவு நன்றாக நடித்தவர் அதற்குப் பிறகு ஏன் எங்கேயும் தென்படவில்லை?"

அவர் பெயர் கரோலா நேஹர். 1920-களின் பிற்பகுதியில் பெர்லின் நாடக மேடையில் அவர் ஒரு நட்சத்திரம். ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் நாட்டை விட்டு வெளியேறினார். போய்ச் சேர்ந்த இடம் மாஸ்கோ. அங்கே 1936-ல் கைதானார். 1942 ஜூனில் சோவியத் சிறையொன்றில் டைஃபஸ் காய்ச்சலில் இறந்தபோது அவருக்கு 41 வயது. உங்கள் கேள்விக்கு இதுவே போதும். ஆனால் இவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் "கவிஞர் க்ளாபுண்டின் மனைவி", "நாடகாசிரியர் பிரெக்டின் நடிகை", "ஸ்டாலின் காலத்துப் பலி" என்று யாராவது ஓர் ஆணின் பெயரோடு ஒட்டவைத்தே பேசுகிறார்கள். அது எனக்கு எப்போதும் வருத்தம் தரும். அதனால் அவர் ஏற்ற வேடங்களைப் பிடித்துக்கொண்டே கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

பிறந்தது மியூனிக் நகரில், 1900 நவம்பர் 2. அப்பா இசைக்காரர். பள்ளிப் படிப்புக்குப் பிறகு, முதல் உலகப் போரின் கடைசி ஆண்டுகளில், ஒரு வங்கியில் குமாஸ்தாவாக வேலை பார்த்தார். நடிப்புப் பள்ளி எதிலும் படிக்கவில்லை. 1920 கோடையில் பாடன்-பாடன் என்ற ஊரின் நாடக அரங்கில் சின்ன வேடங்களோடு நுழைந்தார். அந்தக் கால ஜெர்மனியில் ஊருக்கு ஊர் சொந்த நாடக அரங்கும் நிரந்தர நடிகர் குழுவும் உண்டு. சின்ன ஊரில் தொடங்கி, பெரிய ஊருக்குப் போய், கடைசியில் பெர்லினை எட்டுவதுதான் ஒரு நடிகரின் பாதை. நேஹரும் டார்ம்ஸ்டாட், நியூரம்பெர்க், மியூனிக், பிரெஸ்லாவ் என்று அப்படித்தான் ஏறி வந்தார்.

க்ளாபுண்டோடு காதல் அரும்பியது 1924-ல். அவருடைய இயற்பெயர் ஆல்ஃபிரட் ஹென்ஷ்கே. இளம் வயதிலேயே காசநோய் பிடித்தவர். கவிதை, நாவல், நாடகம் என்று கை ஓயாமல் எழுதினார், காலம் குறைவு என்று தெரிந்தவர் போல. 1925 மே மாதம் இருவருக்கும் திருமணம். அந்த ஆண்டில்தான் க்ளாபுண்டின் 'சுண்ணாம்பு வட்டம்' நாடகம் ஜெர்மனி முழுக்கப் பேசப்பட்டது. ஒரு பழைய சீன நாடகத்தைத் தழுவி எழுதியது. ஒரு குழந்தைக்கு இரண்டு பெண்கள் உரிமை கோருகிறார்கள். தரையில் சுண்ணாம்பால் வட்டம் போட்டு, குழந்தையை நடுவில் நிறுத்தி, ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுக்கச் சொல்கிறார்கள். குழந்தைக்கு வலிக்குமே என்று கையை விட்டுவிடுகிறவள்தான் தாய். சாலமோன் கதையும், ஜாதகக் கதைகளில் மகோசதர் சொல்லும் தீர்ப்பும் நமக்குத் தெரிந்தவை; அந்தக் குடும்பத்துக் கதைதான் இதுவும். பிரெஸ்லாவ் மேடையில் அந்தத் தாய் ஹாய்டாங்காக நின்றவர் கரோலா நேஹர். பெர்லினில் இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட் இதே நாடகத்தைப் போட்டபோது அந்த வேடம் எலிசபெத் பெர்க்னருக்குப் போனது. பெர்க்னர் அப்போதே பெரிய பெயர்.

பெர்லினுக்கு வந்த பிறகு நேஹர் வேகமாக மேலே போனார். பெர்னார்ட் ஷாவின் 'பிக்மாலியன்' நாடகத்தில் பூ விற்கும் எலைசா வேடம் அவருக்கு அளவெடுத்துத் தைத்தது மாதிரி பொருந்தியது. தெருப்பெண்ணின் துடுக்கும் சீமாட்டியின் தோரணையும் ஒரே உடம்பில் இருந்தவர் அவர். குட்டை முடி, அகன்ற முகம், கூர்மையான பார்வை. சப்ரி மாஹிர் என்ற துருக்கியர் பெர்லினில் குத்துச்சண்டைக் கூடம் நடத்திவந்தார். அங்கே கையுறை மாட்டிக்கொண்டு நேஹர் பயிற்சி எடுக்கும் புகைப்படம் உண்டு, தேடிப் பாருங்கள். அந்தக் காலத்துப் பெர்லின் பெண்கள் தங்கள் உடம்பைப் பற்றி என்ன நினைத்தார்கள் என்பதைப் பல பக்கக் கட்டுரையைவிட அந்த ஒரு படம் தெளிவாகச் சொல்லும்.

இனி 1928 ஆகஸ்ட். இந்த ஒரு மாதத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

எர்ன்ஸ்ட் யோசெஃப் ஆஃப்ரிஷ்ட் என்ற இளம் தயாரிப்பாளர் பெர்லினின் ஷிஃப்பவுவர்டாம் அரங்கைக் குத்தகைக்கு எடுத்திருந்தார். புது நாடகத்தோடு கதவு திறக்க வேண்டும். பிரெக்டும் இசையமைப்பாளர் குர்ட் வைலும் 'மூன்றுகாசு ஓபரா'வைக் கொடுத்தார்கள். ஆகஸ்ட் 31 அரங்கேற்றம் என்று முடிவாயிற்று. பிச்சைக்காரர்களை வைத்துத் தொழில் நடத்தும் பீச்சமின் மகள் பாலியாக கரோலா நேஹர். ஒத்திகை நடந்துகொண்டிருந்தபோது க்ளாபுண்டின் உடல்நிலை மோசமாயிற்று. நேஹர் ஒத்திகையை விட்டுவிட்டு சுவிட்சர்லாந்தின் டாவோஸுக்குப் போனார். காசநோய்க்காரர்கள் மலைக்காற்றுக்காகத் தங்கும் ஊர் அது. ஆகஸ்ட் 14 அன்று க்ளாபுண்ட் இறந்தார். வயது 37.

நாடகத்துக்கு இன்னும் 17 நாள்தான் இருந்தது. நேஹர் திரும்பி வந்து ஒத்திகையில் உட்கார்ந்தார். அப்புறம் நடந்ததை ஆஃப்ரிஷ்ட் தன் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார். தன் வேடம் சின்னதாக இருக்கிறது, இன்னும் வசனம் வேண்டும் என்று நேஹர் கேட்டார். பிரெக்ட் மேடையிலேயே மேசை போட்டு, அவரை அருகில் வைத்துக்கொண்டு ராத்திரி முழுக்க எழுதினார், திருத்தினார், மறுபடி எழுதினார். கடைசியில் நேஹர் பிரதியைத் தூக்கி எறிந்துவிட்டுப் போய்விட்டார். வேடம் ரோமா பான் என்ற நடிகைக்குப் போனது. அவர் நான்கே நாளில் வசனமும் பாட்டும் பாடம் பண்ணி மேடையேறினார்.

இந்தச் சம்பவத்தைப் பலர் "நடிகையின் பிடிவாதம்" என்று சிரித்துக்கொண்டே சொல்வதைப் படித்திருக்கிறேன். எனக்கு அப்படித் தோன்றவில்லை. கணவனை இழந்து இரண்டு வாரம்கூட ஆகாத, 27 வயதுப் பெண் அவர். மனம் வேறெங்கோ இருக்கும் நேரத்தில் மிச்சம் இருக்கும் ஒரே பிடி வேலைதான். அந்த வேலை தனக்குத் தகுந்ததாக இருக்க வேண்டும் என்று கேட்டதில் என்ன தப்பு? அந்த அரங்கேற்றத்தில் கோபித்துக்கொண்டவர் அவர் மட்டும் இல்லை. நிகழ்ச்சித் தாளில் அதே நாடகத்தில் நடித்த லோட்டே லென்யாவின் பெயர் விடுபட்டுப்போய், அவர் கணவர் குர்ட் வைல் அன்று மாலை கொதித்துப் போனார். அதை யாரும் பிடிவாதம் என்று எழுதுவதில்லை.

நாடகம் மாபெரும் வெற்றி. 1929-ல் நேஹரே பாலி வேடத்துக்குத் திரும்பினார். அதே ஆண்டு செப்டம்பர் 2 அன்று, அதே அரங்கில் 'ஹாப்பி எண்ட்' என்ற இசை நாடகம். இரட்சணிய சேனையின் இளம் பெண் அதிகாரி லிலியன் வேடம் நேஹருக்கு. 'சுரபயா ஜானி' பாட்டை லென்யாவின் இசைத்தட்டில் கேட்டிருப்பீர்கள். அதை முதலில் மேடையில் பாடியவர் நேஹர். கடைசிக் காட்சியில் நடிகையும் பிரெக்டின் மனைவியுமான ஹெலனே வைகல் முன்னால் வந்து அரசியல் பிரசுரம் ஒன்றை வாசிக்க, அரங்கில் கூச்சல் எழுந்தது. நாடகம் சீக்கிரமே நின்றுபோனது. பாட்டுகள் நிலைத்துவிட்டன.

இப்போது நீங்கள் பார்த்த படம். பாலியின் திருமணம் ராத்திரியில் ஒரு கிடங்கில் நடக்கிறது. சுற்றிலும் திருட்டுப் பொருள்கள், எதிரே திருடர் கூட்டம். நடுவில் நின்று நேஹர் 'பார்பரா பாட்டை' பாடுகிறார். கைகளை அசைப்பதே இல்லை. குரலைப் பெரிதாக்குவதும் இல்லை. பாட்டு சொல்லும் பெண்ணுக்கும் பாடும் பெண்ணுக்கும் நடுவில் சிறிய இடைவெளி வைத்துக்கொண்டு, பேசுவது போலப் பாடுகிறார். பிரெக்ட் நடிகர்களிடம் கேட்டது இதைத்தான். பின்னாளில் அதைப் பற்றிப் பக்கம் பக்கமாகக் கோட்பாடு எழுதினார்கள். இங்கே அது மூன்று நிமிடத்தில் கண்ணெதிரே நடக்கிறது. அப்புறம், பாலியின் கணவனும் திருடர் தலைவனுமான மாக்கி சிறையில் இருக்கும்போது பாலி திருட்டுக் கும்பலை வங்கியாக மாற்றி, மேசைத் தலைமாட்டில் உட்கார்ந்து உத்தரவு போடுவாள். அந்தக் காட்சியில் நேஹரின் முதுகு எவ்வளவு நேராக இருக்கிறது என்று கவனியுங்கள். மியூனிக் வங்கியில் குமாஸ்தாவாக உட்கார்ந்து மேலதிகாரிகளைப் பார்த்துக்கொண்டிருந்த பெண்ணல்லவா!

1931 நவம்பர் 2, அவருடைய 31-வது பிறந்தநாள். அன்று நாடகாசிரியர் ஓடோன் ஃபான் ஹோர்வாத்தின் 'வியன்னா காட்டுக் கதைகள்' பெர்லின் டாய்ச்சஸ் தியேட்டரில் அரங்கேறியது. கதாநாயகி மரியானே வேடம் நேஹருக்கு. இறைச்சிக் கடைக்காரனோடு நிச்சயமான கல்யாணத்தை உதறிவிட்டு ஒரு சூதாடியோடு போகிறவள், கடைசியில் குழந்தையையும் பறிகொடுத்து அதே இறைச்சிக் கடைக்காரனிடம் திரும்புகிறாள். அடுத்து 1932 ஏப்ரல் 11 அன்று பெர்லின் வானொலியில் பிரெக்டின் 'இறைச்சிக்கூடங்களின் புனித ஜோன்' சுருக்கப்பட்ட வடிவில் ஒலிபரப்பானது. பிரெக்ட் நேஹரை மனதில் வைத்து எழுதிய வேடம் அந்த ஜோன். எதிரே ஃபிரிட்ஸ் கோர்ட்னர், கூடவே வைகல், பீட்டர் லோரே, எர்ன்ஸ்ட் புஷ். அதை மேடையேற்றும் துணிச்சல் அப்போது எந்த அரங்குக்கும் இல்லை. ஜெர்மன் மேடைக்கு அது வந்தது 1959-ல், ஹாம்பர்கில்.

பிரெக்டுக்கும் நேஹருக்கும் இருந்த உறவைப் பற்றி ஊகங்கள் நிறைய. எனக்கு அவற்றில் ஆர்வமில்லை. ஆசானும் மாணவியும் என்ற முறையில் என்ன இருந்தது என்பதற்கு ஒரு நல்ல சாட்சி உண்டு. 'நடிகை சி.என்.-க்கு ஆலோசனை' என்று பிரெக்ட் ஒரு சின்னக் கவிதை எழுதினார். சி.என். என்பது கரோலா நேஹரின் முதலெழுத்துகள். காலையில் முகம் கழுவுவது எப்படி என்பதுதான் விஷயம். செம்புப் பாத்திரத்தில் தண்ணீர், அதில் பனிக்கட்டித் துண்டுகள். முகத்தை உள்ளே அமிழ்த்தி, தண்ணீருக்கடியில் கண்ணைத் திறக்க வேண்டும். சொரசொரப்பான துண்டால் துடைத்துக்கொண்டே, சுவரில் ஒட்டியிருக்கும் தாளில் வேடத்தின் கடினமான வரிகளை ஒரு பார்வை பார்க்க வேண்டும். முகம் கழுவுவதைக்கூட முன்மாதிரியாகச் செய்யச் சொல்கிறார். இந்தச் செம்புப் பாத்திரத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வரும்.

அந்த ஆண்டுகளில் நேஹர் ரஷ்ய மொழி கற்றுக்கொண்டார். சொல்லிக்கொடுத்தவர் அனடோல் பெக்கர் என்ற பொறியாளர், கம்யூனிஸ்ட். 1932-ல் இருவரும் மணந்துகொண்டார்கள். 1933-ல் ஹிட்லர் வந்தார். ஹிட்லரை எதிர்க்கும் அறிக்கையில் நேஹர் கையெழுத்துப் போட்டார். அவர் யூதர் அல்ல. வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் பெர்லினிலேயே பெரிய நடிகையாகத் தொடர்ந்திருக்கலாம், பலர் தொடர்ந்தார்கள். க்ளாபுண்டின் பள்ளித் தோழரும், அவர் அடக்கத்தின்போது உரையாற்றியவருமான கவிஞர் காட்ஃபிரீட் பென்கூட 1933-ல் நாஜி ஆட்சியை வரவேற்றுப் பேசினார். நேஹர் மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பினார். வியன்னா, பிராக், 1934-ல் மாஸ்கோ. அதே ஆண்டு ஜெர்மன் அரசு அவர் குடியுரிமையைப் பறித்தது. டிசம்பரில் மகன் பிறந்தான்.

கூட நடித்தவர்கள் எல்லாம் சிதறிப் போனார்கள். பெர்க்னர் லண்டனுக்கு. கோர்ட்னர், லோரே, லென்யா கடைசியில் அமெரிக்காவுக்கு. வைகல் பிரெக்டோடு டென்மார்க்குக்கு. 1928 அரங்கேற்றத்தில் போலீஸ் தலைவராக நடித்த குர்ட் கெரோன் 1944-ல் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டார். யார் எந்த ரயிலில் ஏறினார்கள் என்பதில் ஒவ்வொருவரின் ஆயுளும் அடங்கிவிட்டது. நேஹர் ஏறியது நம்பிக்கையின் ரயில். பாசிசத்துக்கு எதிரான நாடு என்று நம்பித்தான் போனார்.

மாஸ்கோவில் நடிகைக்கு முதல் இடி மொழி. ஜெர்மனியிலிருந்து வந்த குடியேறிகளின் சிறு வட்டத்துக்குள்தான் மேடை. 1935 வசந்தத்தில் பிரெக்ட் மாஸ்கோ வந்தபோது அவரைக் கௌரவிக்க ஒரு மாலை நிகழ்ச்சி நடந்தது. நேஹர் அதில் பாடினார். அடுத்த ஆண்டு எல்லாம் தலைகீழானது. வெளிநாட்டிலிருந்து வந்தவர்கள் எல்லோரும் சந்தேகத்துக்கு உள்ளானார்கள். 1936 ஜூலை 25 அன்று நேஹர் கைதானார். பிராக்கில் இருந்தபோது ஸ்டாலினின் எதிரியான ட்ரொட்ஸ்கியின் ஆட்களோடு தொடர்பு வைத்திருந்தார், அவர்களுக்காகத் தூது போனார் என்று குற்றச்சாட்டு. கைதுக்கு முன்பு, அவரையும் பெக்கரையும் சோவியத் எதிர்ப்பாளர்கள் என்று ரகசியப் போலீசிடம் வாக்குமூலம் கொடுத்தவர்களில் ஒருவர் சக நாடகக் கலைஞர் குஸ்டாஃப் ஃபான் வாங்கன்ஹைம். பழைய 'நொஸ்ஃபெராட்டு' மௌனப் படத்தின் நாயகன் அவர். பல பத்தாண்டுகளுக்குப் பிறகு ஆவணங்கள் திறந்தபோதுதான் இது வெளியே தெரிந்தது. பயத்தில் சொன்னாரா, நம்பிச் சொன்னாரா என்று இன்றும் வாதிடுகிறார்கள். எந்தப் பதிலும் நேஹருக்கு உதவாது.

1937 மார்ச்சில் பத்தாண்டு சிறை. கணவர் பெக்கரை அதே ஆண்டு சுட்டுக் கொன்றார்கள். கைதின்போது ஒன்றரை வயதாயிருந்த மகன் அரசு அநாதை இல்லத்துக்குப் போனான்.

பிரெக்ட் என்ன செய்தார் என்று கேட்பீர்கள். எழுத்தாளர் லயன் ஃபாய்ஷ்ட்வாங்கர் 1937 தொடக்கத்தில் ஸ்டாலினை நேரில் சந்தித்தவர். அவருக்குக் கடிதம் எழுதி, நேஹரைப் பற்றி விசாரிக்க முடியுமா என்று பிரெக்ட் கேட்டார். கூடவே, இதை வெளியே சொல்ல வேண்டாம் என்றும் கேட்டுக்கொண்டார். சோவியத் நாட்டின் மேல் சந்தேகம் கிளப்புகிறவராகத் தெரிந்துவிடக் கூடாது என்ற கவலை. பொதுவில் ஒரு வார்த்தை பேசவில்லை. அந்த ஆண்டு 'கழுவுதல்' என்று இன்னொரு கவிதை எழுதினார். செம்புப் பாத்திரம், பனிக்கட்டி, தண்ணீருக்கடியில் திறந்த கண்கள் எல்லாம் மறுபடி வருகின்றன. நீ சிறையில் இருப்பதாகக் கேள்விப்படுகிறேன், எழுதிய கடிதங்களுக்குப் பதில் இல்லை, கேட்ட நண்பர்கள் மௌனமாக இருக்கிறார்கள் என்கிறார். அந்தக் கவிதை என்னை உலுக்கியது உண்மை. ஆனாலும் என் கருத்தை மறைக்க விரும்பவில்லை: கவிதையின் துக்கம் நிஜம், மௌனமும் நிஜம். அவர் காத்த அமைதியை அவருடைய மேதைமையைச் சொல்லி நியாயப்படுத்த என்னால் முடியாது. பின்னால் 1944-ல் அமெரிக்காவில் இருந்தபோது பிரெக்ட் அதே வட்டக் கதையை எடுத்து 'காக்கேசிய சுண்ணாம்பு வட்டம்' எழுதினார். இலங்கையில் ஹென்றி ஜயசேன சிங்களத்தில் 'ஹுணுவடயே கதாவ' என்று போட்டுப் புகழ்பெற்றது அதுதான். அதன் வேர்களில் ஒன்று பிரெஸ்லாவ் மேடையில் நேஹர் நின்ற அந்த வட்டம்.

சிறைக்குள் அவரைப் பார்த்தவர்கள் எழுதியது கொஞ்சம் கிடைக்கிறது. ரஷ்ய எழுத்தாளர் எவ்கேனியா கின்ஸ்பர்க் தன் சிறை நினைவுகளில், மாஸ்கோவின் பூத்தீர்கா சிறை அறையில் கூட இருந்த ஜெர்மன் நடிகை கரோலாவைக் குறிப்பிடுகிறார். ஜெர்மன் கம்யூனிஸ்டான மார்கரெட் பூபர்-நாய்மனும் 1940 தொடக்கத்தில் அவரை அங்கே பார்த்ததாக எழுதியிருக்கிறார். அப்போது ஸ்டாலின்–ஹிட்லர் உடன்படிக்கை நடப்பில் இருந்தது. ஜெர்மன் கைதிகள் சிலரை சோவியத் அரசு எல்லையில் கொண்டுபோய் நாஜிகளிடமே ஒப்படைத்தது. பூபர்-நாய்மன் அப்படி ஒப்படைக்கப்பட்டவர். நேஹர் ஒப்படைக்கப்படவில்லை. ஓரியோல் சிறைக்கு அனுப்பப்பட்டார்.

அங்கிருந்து 1941 மார்ச்சில், மகன் இருந்த அநாதை இல்லத்துக்கு அவர் எழுதிய கடிதம் பிழைத்திருக்கிறது. அதில் புலம்பல் இல்லை. எல்லாம் கேள்விகள். மகன் எப்படி இருக்கிறான்? எடை என்ன, உயரம் என்ன? எழுதப் படிக்கத் தொடங்கிவிட்டானா? அம்மாவைப் பற்றி ஏதாவது தெரியுமா அவனுக்கு? படம் வரைவானா, வரைந்தால் ஒன்றை அனுப்ப முடியுமா? ஒரு புகைப்படம் கிடைக்குமா? இசையில் நாட்டம் இருக்கிறதா?

மூன்று மாதத்தில் ஜெர்மன் படைகள் சோவியத் எல்லையைத் தாண்டின. அவை நெருங்க நெருங்க, ஓரியோல் சிறையில் 150-க்கு மேற்பட்ட கைதிகளை செப்டம்பரில் காட்டுக்குள் கொண்டுபோய்ச் சுட்டார்கள். நேஹர் கிழக்கே சோல்-இலெட்ஸ்க் சிறைக்கு மாற்றப்பட்டிருந்தார். கஜகஸ்தான் எல்லைக்குப் பக்கத்து ஊர். 1942 ஜூன் 26 அன்று அங்கேதான் அவர் உயிர் போனது. 1959-ல் சோவியத் அரசு அவர் குற்றமற்றவர் என்று அறிவித்தது. இன்று பெர்லினில் ஹெல்லர்ஸ்டார்ஃப் பகுதியில் ஒரு தெருவுக்கு அவர் பெயர்.

மகன் அநாதை இல்லங்களிலேயே வளர்ந்தார். தன் பெற்றோர் யார் என்பது அவருக்குத் தெரியவந்தது பெரியவரான பிறகுதான். 1970-களில் ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்து, அம்மாவைப் பற்றிய காகிதங்களைத் தேடிச் சேர்த்தார். அவர் படித்ததும் பிழைப்புக்குச் சொல்லிக்கொடுத்ததும் இசை.